சிந்திய வருடங்களின் பங்கு

காலப் பட்டறையில் அவளைத் தீப்பெட்டி என்றுதான் கூப்பிடுவார்கள். ஆள் சின்ன உருவம். உரசினால் பற்றிக்கொள்வாள், அடுத்த நிமிடமே அணைந்தும் போவாள். வயது முப்பத்து மூன்று. அந்தச் செவ்வாய்க்கிழமை காலை, மகளுக்குத் தலைசீவிவிட்டு வேலைக்குக் கிளம்பும்போது அதுதான் அவள் வயது.

பட்டறை ரயில் நிலையத்துக்குப் பின்னால் ஒரு பழைய கிடங்கில் இருந்தது. அங்கே இருந்ததற்குக் காரணம் உண்டு. காலம் எல்லா இடத்திலும் ஓடிக்கொண்டிருக்கிறது. காத்திருக்கும் இடங்களில் மட்டும் தேங்கி நிற்கும். நடைமேடை பெஞ்சுகளுக்கு அடியில், மருத்துவமனைத் தாழ்வாரங்களில், நீதிமன்ற வாசலில், உச்சி வெயிலில் தார்ச்சாலைக்கு மேல் நெளியும் காற்றைப் போல அது நெளிந்துகொண்டு கிடக்கும். பட்டறைச் சங்கத்தின் சேகரிப்பவர்கள் வாயகன்ற செப்புக் குடங்களோடு போய் அதை அள்ளி வருவார்கள். காத்திருந்தவர்களுக்கு இதனால் நஷ்டம் ஒன்றுமில்லை. "அட, அதுக்குள்ள வண்டி வந்துடுச்சா?" என்று எழுந்து போவார்கள், அவ்வளவுதான்.

அள்ளி வந்ததில் மெல்லியதை நூற்பவர்கள் இழையாக நூற்பார்கள். அறுவை சிகிச்சை மேசையைச் சுற்றி அந்த இழையைக் கட்டினால் ஒரு நிமிடம் மூன்றாக நீளும். அடர்த்தியானதெல்லாம் தீப்பெட்டியின் பதவறைக்கு வரும். இசைக்கருவி செய்கிறவர்கள் கொண்டுவரும் பச்சைப் பலகையை, ஆள் உயர அண்டாவில் தேங்கிய காலத்துக்கு மேலே தொங்கவிட்டால், இருபது வருடம் காய்ந்திருக்க வேண்டிய மரம் மத்தியானத்துக்குள் காய்ந்து, தட்டினால் கணீர் என்று பேசும். அந்தப் பதம் தெரிந்த கை அவளுடையது. ஒரு சிட்டிகை கூடினாலும் பலகை உளுத்துப்போகும்.

அன்றைக்குப் பதவறையில் நாலைந்து பேர் இருந்தார்கள். வயிற்றில் ஏழு மாதத்தைச் சுமந்துகொண்டிருந்த நூல்காரி, அறை கதகதப்பாக இருக்கிறதென்று ஒரு முக்காலியைப் போட்டு உட்கார்ந்திருந்தாள். அண்டாவில் டிக் என்று ஒரு சத்தம். செப்புத் தகடுகளைச் சேர்த்து நெடுக இருந்த ஒட்டு விட்டு, உள்ளே இருந்த காலம் கசியத் தொடங்கியது.

பால் பொங்கும்போது கை யாரையும் கேட்டுக்கொண்டா அடுப்புக்கு ஓடுகிறது? தீப்பெட்டியின் கைகளும் அப்படித்தான் ஓடின. இரண்டு உள்ளங்கைகளையும் ஒட்டின் மேல் அழுத்திக்கொண்டு, "எல்லாரும் வெளிய போங்க! நூல்காரியைப் பிடிச்சு இழுங்க!" என்று கத்தினாள். கத்தத் தொடங்கியபோது இருந்த குரல் கத்தி முடித்தபோது இல்லை.

வலி ஒன்றும் தெரியவில்லை. எந்த நிலையத்திலும் நிற்காத ரயிலில் தூங்கிக்கொண்டே போவதுபோல் இருந்தது. அண்டா செய்த செம்புக்காரர் பற்றவைக்கும் ஈயமும் சூட்டுக்கோலுமாக ஓடிவந்து ஒட்டை அடைத்து முடித்தபோது, அவள் கையைப் பிரித்துவிட இரண்டு பேர் வேண்டியிருந்தது. நரம்பு புடைத்த, புள்ளி விழுந்த கைகள். அவற்றை அவளே புரட்டிப் புரட்டிப் பார்த்தாள். பிறகு சுற்றி நின்றவர்களைப் பார்த்தாள். யார் முகமும் சரியாகத் தெரியவில்லை. எல்லாமே கொஞ்சம் கலங்கலாக இருந்தது.

"ஏன் எல்லாரும் அழுறீங்க?" என்று கேட்டாள்.

*

வீட்டுக் கதவைத் திறந்தது அவளுடைய அம்மா. "யாரைப் பாக்கணும்மா?" என்று மரியாதையாகக் கேட்டாள்.

"அம்மா, நான்தான்."

அம்மா கண்ணைச் சுருக்கிப் பார்த்தாள். காதோரத்து மச்சத்தைப் பார்த்தாள், காலையில் தானே பொத்தான் தைத்துக் கொடுத்த சட்டையைப் பார்த்தாள். பிறகு மகளின் தோளில் இரண்டு அடி வைத்துவிட்டு, அந்தத் தோளிலேயே சாய்ந்து அழுதாள். ஒரே உயரத்தில், ஒரே நரையோடு, அக்கா தங்கை மாதிரி இருவரும் வாசலில் நின்றார்கள்.

கணவன் தையற்காரன். முன்னறையில்தான் கடை. விஷயம் அவன் காதுக்கு ஏற்கெனவே வந்திருந்தது. பட்டறைக்குக் கிளம்பச் சட்டையை மாட்டிக்கொண்டிருந்தவன், அப்படியே ஒரு கை நுழைத்தபடி நின்றுவிட்டான். "வா" என்றான். "உக்காரு" என்றான். நாற்காலியை இழுத்துப் போட்டான். அவள் கையை மட்டும் தொடவில்லை. அதை அவள் கவனித்தாள். அவள் கவனித்ததை அவனும் கவனித்தான்.

ஆறு வயது மகள் தையல் மெஷினுக்குப் பின்னால் ஒளிந்துகொண்டாள். "இது யாரு? எங்கம்மா சின்னவங்க."

என்ன சொல்லிப் புரியவைப்பது என்று மூன்று பெரியவர்களும் திணறிக்கொண்டிருந்தபோது, நடுக்கூடத்தில் ஆளுக்கொரு திசையில் கிடந்த பள்ளிக்கூடச் செருப்புகள் தீப்பெட்டியின் கண்ணில் பட்டன. "எத்தனை தடவை சொல்றது உனக்கு? செருப்பை அதது இடத்துல வைன்னா காதுல ஏறாதா?"

குழந்தை விருட்டென்று ஓடிவந்து செருப்பை எடுத்து மூலையில் வைத்தாள். வைத்த பிறகுதான் திரும்பிப் பார்த்தாள். உற்றுப் பார்த்தாள். "அப்பா," என்றாள் மெதுவாக, "அம்மாதான்."

மறுநாள் காலையில் கணவன் அளவு நாடாவோடு வந்தான். பழைய சட்டைகள் எதுவும் அவளுக்குச் சேரவில்லை. தோள் தொங்கியது, இடுப்பு இறுக்கியது. "நில்லு" என்று சொல்லி, யாரோ வாடிக்கையாளருக்கு எடுப்பதுபோல எடுக்கத் தொடங்கினான். தோளிலிருந்து தரை வரை அளக்கும்போது நாடாவை இரண்டு தடவை சரிபார்த்தான். அவள் ஒரு விரல்கடை குள்ளமாகியிருந்தாள். நாடாவைக் கையில் பிடித்தபடி அவள் காலடியில் உட்கார்ந்துவிட்டான்.

"நேத்து பயந்துட்டேன்," என்றான். "உன்னைப் பாத்து இல்ல. நான் முப்பத்தஞ்சுல நிக்கறேன், நீ மட்டும் எங்கேயோ முன்னால போயிட்ட. நான் எப்படி ஓடி வந்து சேர்றது?"

அவள் அவன் தலைமுடியைக் கோதினாள். "இருபது வருஷம் குடும்பம் நடத்தினதுல ஒண்ணு கூட ஞாபகம் இல்ல எனக்கு. சண்டை போட்டோமான்னு கூடத் தெரியல. வட்டியும் முதலுமா இனிமேதான் போடணும்."

அவன் அழுதுகொண்டே சிரித்தான்.

அவளுக்கு உள்ளூர இருந்த குடைச்சல் வேறு. முகம் போனால் போகட்டும், முடி போனால் போகட்டும். அந்த வருடங்களில் அவள் எதையும் வாழவில்லை. மகள் பல் விழுந்து முளைப்பதையும், பள்ளி முடிப்பதையும், எவனையோ அழைத்துவந்து நிறுத்துவதையும் அவள் பார்த்துச் செலவழித்திருக்க வேண்டிய வருடங்கள் அவை. இனி அதையெல்லாம் பார்க்க இருப்பாளா? பெண்ணுக்கு இருபத்தைந்து ஆகும்போது இவளுக்கு எழுபத்து நாலு. அதற்கு மேல் கணக்குப் போட அவளுக்குத் தைரியம் வரவில்லை.

*

வார இறுதியில் சங்கம் கூடியது. பன்னிரண்டு பேர் கொண்ட சங்கம். தலைவி கனத்த உடம்பும் கறார்ப் பேச்சுமாக ஒரு பெண்மணி.

"நம்ம விதி எல்லாருக்கும் தெரியும். பட்டறையில சிந்தினா, அது எல்லாருக்கும் சிந்தினது. இதுவரைக்கும் ஒரு மணி, ரெண்டு மணி, மிஞ்சிப்போனா ஒரு நாள் சிந்தியிருக்கு. பங்கு போட்டுக்கிட்டு டீ குடிச்சிட்டுப் போயிருக்கோம். இப்போ இருபது வருஷத்துக்கும் மேல. ஆளுக்கு ரெண்டு வருஷத்துக்குக் கொஞ்சம் கம்மியா வரும். உடம்புல ஊறிடுச்சுன்னா அப்புறம் பிரிக்க முடியாது. அதனால அடுத்த வாரத்துக்குள்ள முடிவு பண்ணணும்."

பங்கு என்றால் கையோடு கை கோத்து, ஒருவர் உடம்பில் ஏறிய காலத்தை இன்னொருவர் உடம்புக்கு இழுத்துக்கொள்வது. காலத்தில் பழகிய கைக்குத்தான் அது முடியும். இல்லாவிட்டால் தீப்பெட்டியின் அம்மா முதல் நாளே மொத்தத்தையும் தன் தலையில் இறக்கச் சொல்லியிருப்பாள். சொல்லவும் சொன்னாள், முடியாது என்றதும் தலைவியைத் தெருவில் நிறுத்தி வைதுவிட்டுப் போனாள்.

"எனக்கு எதுவும் வேண்டாம்," என்று தீப்பெட்டி எழுந்தாள். "என் தலைக்கு வந்தது என்னோட இருக்கட்டும்."

"உக்காருங்க," என்றான் சேகரிப்பவர்களில் இளையவன், மீசை அரும்பாத முகத்துக்காரன். "ரெண்டு வருஷம் கூடினாலாவது எனக்கு மீசை முளைக்குதான்னு பாக்கறேன். என் பொழைப்புல கை வைக்காதீங்க."

எல்லோரும் சிரித்தார்கள். சிரிப்பில் கொஞ்சம் இறுக்கம் தளர்ந்தது. ஒவ்வொருவராகச் சரி என்றார்கள். சிலர் உடனே சொன்னார்கள். சிலர் தரையைப் பார்த்துக்கொண்டு, வீட்டிலிருக்கிறவர்களை மனதுக்குள் நினைத்துவிட்டுச் சொன்னார்கள். நூல்காரி, "நான்தான் முதல்ல. அந்த அறையில நான் உக்காந்திருந்தேன்," என்றாள். கடைசியில் செம்புக்காரரின் முறை வந்தது.

அறுபதைத் தாண்டிய மனிதர். பட்டறையிலிருந்த குடம், அண்டா எல்லாம் அவர் தட்டி எடுத்தவை. சட்டை நுனியைக் கசக்கிக்கொண்டே, "என்னால முடியாது," என்றார்.



"அண்ணே," என்றான் மீசை அரும்பாதவன், "உங்க அண்டா அது. உங்க ஒட்டு."

"தெரியும்."

"தெரிஞ்சுமா?"

"என்னால முடியாதுப்பா." அவர் எழுந்து, தொப்பியை எடுத்துக்கொண்டு, யாரையும் பார்க்காமல் வெளியே போனார். கதவு சாத்தியதும் அறை கொதித்தது. கல்நெஞ்சக்காரன் என்றார்கள். இத்தனை வருஷம் இவனோடா உட்கார்ந்து சாப்பிட்டோம் என்றார்கள். சங்கத்தை விட்டே நீக்க வேண்டும் என்று ஒருவர் சொல்ல, இருவர் ஆமாம் போட்டார்கள்.

தீப்பெட்டிக்கும் பற்றிக்கொண்டுதான் வந்தது. அன்று முழுக்க வீட்டில் பாத்திரத்தை டங்கு டங்கென்று வைத்தாள். மறுநாள் காலை எழுந்தபோதும் கோபம் அணையவில்லை. அவளுக்கே அது புதிதாக இருந்தது. நேரில் நாலு கேள்வி கேட்காமல் விடுவதில்லை என்று கிளம்பினாள்.

*

செம்புக்காரரின் வீடு ஆற்றங்கரைத் தெருவில் கடைசி. இத்தனை வருடத்தில் பட்டறையிலிருந்து யாரும் அங்கே போனதில்லை. அவர் யாரையும் அழைத்ததில்லை. மனைவி இறந்துவிட்டாள், ஒரு மகன் இருக்கிறான் என்பது வரை தெரியும். மகன் எங்கேயோ வேலையில் இருக்கிறான் என்று அவர்களாகவே நினைத்துக்கொண்டிருந்தார்கள்.

கதவு திறந்தே கிடந்தது. உள்ளே ஜன்னலோரம் ஒரு நாற்காலியில் முப்பது வயது மதிக்கத்தக்க ஆஜானுபாகுவான ஆள், கழுத்தில் துண்டு கட்டி, முகமெல்லாம் சோப்பு நுரையோடு உட்கார்ந்திருந்தான். செம்புக்காரர் அவனுக்குச் சவரம் செய்துகொண்டிருந்தார். அவன் தலை ஒரு பக்கமாகச் சாய்ந்து சாய்ந்து போனது. ஒவ்வொரு தடவையும் அவர் இடது கையால் தாங்கி நிமிர்த்தி, "அவ்வளவுதான் ராஜா, இன்னும் கொஞ்சம்தான்," என்று சொல்லிக்கொண்டே கத்தியை நகர்த்தினார். அவனுடைய வலது கை மட்டும் ஓயாமல் நாற்காலிப் பிடியில் தாளம் போட்டுக்கொண்டிருந்தது.

தீப்பெட்டி வாசலிலேயே நின்றுவிட்டாள். கேட்க வந்த நாலு கேள்வியில் ஒன்றுகூட மிஞ்சவில்லை.

அவர் நிமிர்ந்து பார்த்தார். வெட்கமோ பயமோ, கத்தியை வைத்துவிட்டுக் கைகளைத் துடைத்தார். "உள்ள வாம்மா."

"முடிச்சிடுங்க அண்ணே. நுரை காஞ்சிடப் போகுது."

அவர் முடித்தார். முகத்தைத் துடைத்து, கன்னத்தில் எண்ணெய் தடவிவிட்டார். மகன் அவளைப் பார்த்து முகம் மலரச் சிரித்தான்.

"பிறந்ததுலேருந்து இப்படித்தான்," என்றார் செம்புக்காரர். "பேச்சு கிடையாது. சாப்பாடு ஊட்டணும், குளிப்பாட்டணும். நான் வேலைக்கு வர்ற நேரம் பக்கத்து வீட்டுப் பொண்ணு ரெண்டு தடவை எட்டிப் பாத்துட்டுப் போகும். எனக்கு நெஞ்சுல ஏற்கெனவே கொஞ்சம் கோளாறு. டாக்டர் சொல்லிட்டார். ரெண்டு வருஷம்னா உங்களுக்கெல்லாம் ரெண்டு நரை முடி. எனக்கு…" நிறுத்தினார். "இவனுக்கு ஒரு நாள் பின்னாடி நான் போகணும்மா. அது ஒண்ணுதான் நான் கேக்கறது. ஊரே காறித் துப்பினாலும் பரவாயில்ல."

"இதை அங்கேயே சொல்லியிருக்கலாமே?"

"சொன்னா பாவம்னு பாப்பாங்க. என்னைப் பாத்தா பரவாயில்ல. இவனைப் பாத்துப் பாவம்னு சொல்றதை என்னால கேக்க முடியாது." பிறகு தாழ்ந்த குரலில், "அந்த ஒட்டை நான் போன மாசம்தான் தட்டிப் பாத்தேன். நல்லாத்தான் இருந்தது. சத்தியமா நல்லாத்தான் இருந்தது," என்றார்.

"பாத்தீங்கன்னு எனக்குத் தெரியும். பக்கத்துல விளக்கு பிடிச்சது யாரு? நான்தானே. செம்பும் களைச்சுப் போகும் அண்ணே."

அவர் அப்போதுதான் அழுதார். மகன் தாளத்தை நிறுத்திவிட்டு அப்பாவைப் பார்த்தான். அவன் முகம் கோணத் தொடங்கியதும், அவர் அவசரமாகக் கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்துக் காட்டினார். அந்த அவசரம் தீப்பெட்டிக்கு நன்றாகத் தெரிந்த அவசரம். மகள் முன்னால் இந்த வாரம் முழுக்க அவள் செய்துவந்தது அதுதான்.

பிள்ளைக்காக இன்னும் கொஞ்ச காலம் வேண்டும் என்று அவளும் கேட்கிறாள், அவரும் கேட்கிறார். இதில் யார் பக்கம் நியாயம் என்று வழக்குப் போட என்ன இருக்கிறது?

"உங்க பங்கு எங்கிட்டயே இருக்கட்டும்," என்றாள். "நான் தூக்கிக்கறேன்."

*

பங்கு போட்ட அன்று பதவறையை ஒழித்துப் பாய் விரித்திருந்தார்கள். தீப்பெட்டி நடுவில் உட்கார்ந்தாள். ஆரம்பிக்கும் முன் தலைவியிடம், "செம்புக்காரண்ணனை யாரும் ஒரு வார்த்தை சொல்லக் கூடாது. அவருக்குக் காரணம் இருக்கு. எனக்குத் தெரியும், எனக்குச் சம்மதம். அது போதும்," என்றாள்.

"என்ன காரணம்?" என்று ஒருவர் கிளம்பினார்.

"போதும்னு சொன்னேன்," என்றாள். குரலில் பழைய தீப்பெட்டி உரசியது.

முதலில் தலைவி. கையைக் கோத்துக்கொண்டு கண்ணை மூடினாள். தீப்பெட்டிக்கு முதுகிலிருந்து ஈரத் துணியை உரித்து எடுப்பதுபோல் இருந்தது. தலைவி கண்ணைத் திறந்து, முழங்காலைத் தடவி, "ஆங், வந்துடுச்சு என் பங்கு," என்று முனகினாள். அடுத்து சேகரிப்பவர்கள். மீசை அரும்பாதவன் எழுந்ததும் நேரே கண்ணாடியிடம் ஓடினான். மேலுதட்டில் நாலைந்து முடி. "இதுக்கா ரெண்டு வருஷம்?" என்று அவன் அலறியதில் அறை அதிர்ந்தது.

நூல்காரி வயிற்றைத் தாங்கிக்கொண்டு வந்து உட்கார்ந்து கையை நீட்டினாள். தீப்பெட்டி கோத்துக்கொள்ளவில்லை. நீட்டிய கையைத் திருப்பி அவள் வயிற்றின் மேலேயே வைத்தாள்.

"அக்கா, எனக்கு மனசு கேக்காது."

"உள்ள இருக்கறது சங்கத்துல சேந்துதா? அதுகிட்ட சம்மதம் வாங்கினியா? எழுந்திரு போ."

நூல்காரி எழவில்லை. அப்படியே அவள் மடியில் முகத்தைப் புதைத்துக்கொண்டு வெகுநேரம் அழுதாள்.

எல்லாம் முடிந்து பாயைச் சுருட்டப் போகும்போது கதவு திறந்தது. செம்புக்காரர். பின்னால் சக்கர நாற்காலியில் அவர் மகன், புதுச் சட்டை போட்டு, தலை சீவி. பட்டறை முழுக்க அவனையே பார்த்தது. யாரும் விளக்கம் கேட்கவில்லை. தலைவிதான் முதலில் அசைந்தாள். வழியில் கிடந்த முக்காலியைக் காலால் ஒதுக்கி, "நாற்காலியை இப்படிக் கொண்டாங்க, அங்க காத்து அடிக்கும்," என்றாள்.

அவர் தீப்பெட்டியின் முன்னால் உட்கார்ந்தார். "முழுசா என்னால முடியாது. ஒரு மாசம் முடியும். ஒரு மாசம் எடுத்துக்கறேன்."

வேண்டாம் அண்ணே என்ற வார்த்தை அவள் நாக்கு நுனி வரை வந்தது. ஒரு மாதம் குறைந்து அவளுக்கு ஆகப்போவது ஒன்றுமில்லை. ஆனால் அவர் கை நீண்டே இருந்தது. அதைத் தட்டிவிட்டால் அந்த மனிதர் எந்த முகத்தோடு இந்த அறையில் நிற்பார்? அவள் கையைக் கோத்துக்கொண்டாள்.

"சரியா ஒரு மாசம்தான். ஒரு நாள் கூட எடுத்தீங்க, எனக்குக் கெட்ட கோபம் வரும்."

"வரட்டும்," என்றார் அவர். சிரிக்கிறார் என்று அவளுக்குப் புரியக் கொஞ்ச நேரம் ஆனது. அவர் சிரித்து அவள் பார்த்ததில்லை.

*

அவள் வீடு திரும்பியபோது பார்க்க நாற்பதை நெருங்கிய பெண்ணாக இருந்தாள். கண் தெளிந்திருந்தது. உயரமும் திரும்பியிருந்தது. முன்நெற்றியில் ஒரு வெள்ளைக் கற்றை மட்டும் போகவில்லை. அம்மா சுற்றிச் சுற்றி வந்து பார்த்துவிட்டு, "அப்பாடா, எனக்கு மறுபடியும் பொண்ணு கிடைச்சா. அந்த நரைக்குச் சாயம் வாங்கிட்டு வரேன்," என்றாள். வேண்டாம் என்றாள் தீப்பெட்டி. அன்று தொடங்கிய அந்தச் சண்டை இன்னும் தீரவில்லை. கணவனை விட மூன்று வயது மூத்தவளாகிவிட்டதால், "பெரியவங்க சொன்னா கேக்கணும்" என்று அவனை மிரட்டுவதில் அவளுக்கு ஒரு தனி சுகம்.

பட்டறையில் இப்போது தினமும் செம்புக்காரரின் மகன் வருகிறான். தலைவி யாரையும் கேட்காமல் நாற்காலிக்கு ஒரு சாய்தளம் போடச் சொல்லிவிட்டாள். மத்தியானச் சாப்பாட்டை யார் கை ஓய்ந்திருக்கிறதோ அவர் ஊட்டிவிடுகிறார். மீசைக்காரன் ஊட்டினால்தான் அவன் நிறையச் சாப்பிடுகிறான். "எனக்கு அப்புறம்?" என்று செம்புக்காரர் ஒருநாள் பேச்சை எடுத்தபோது தலைவி, "பட்டறையில இருக்கறது எல்லாருக்கும்தான் அண்ணே. அதுக்குத் தனியா ஒரு கூட்டம் போடணுமா?" என்று கேட்டுவிட்டுத் தன் வேலையைப் பார்க்கப் போனாள்.

புது அண்டாவைச் செம்புக்காரர் இரண்டு மாதம் தட்டினார். பதவறைக்குள் அது வந்த அன்று தீப்பெட்டிக்கு வாசலைத் தாண்டக் கால் வரவில்லை. உள்ளே செம்புக்காரர் புது ஒட்டின் மேல் தன் முதுகைச் சாய்த்துக்கொண்டு, சாவகாசமாகத் தரையில் உட்கார்ந்திருந்தார்.

"ஊத்து," என்றார்.

"எழுந்திரிங்க அண்ணே. முதல் தடவை ஊத்தறேன்."

"அதான் இங்க உக்காந்திருக்கேன். ஊத்தும்மா."

அவள் குடத்தைச் சாய்த்தாள். காலம் சத்தமில்லாமல் அண்டாவுக்குள் இறங்கி, வெதுவெதுப்பாக நெளிந்தது. ஒட்டு அசையவில்லை. வெளியே மீசைக்காரன் யாரிடமோ உரக்கக் கதையளந்துகொண்டிருந்தான். அவள் பச்சைப் பலகை ஒன்றை எடுத்து, விரல் மடக்கித் தட்டிப் பார்த்துவிட்டு, கொக்கியில் மாட்டினாள்.